மரக்கறி உண்ணும் சிலந்தி

2010ஆம் வருடம் பொங்கல் விழாவில் நம் சங்க மேடையில் எனக்கு ஐந்து நிமிஷம் பேசக் கொடுத்தார்கள். அன்று கேட்டவர்களில் பலர் இந்த மலரையும் படிப்பீர்கள் என்பதால்தான் இந்தக் கட்டுரையை எழுத உட்கார்ந்தேன். அன்று நான் சொன்ன செய்தி இதுதான்: "மத்திய அமெரிக்காவில் ஒரு சிலந்தி இருக்கிறது. அது மாமிசத்தை விட்டுவிட்டு இலை தழையைச் சாப்பிட்டு வாழ்கிறது." நல்ல கைதட்டல் கிடைத்தது. அந்த உற்சாகத்தில், முன்வரிசையில் இருந்த என் நண்பரைப் பார்த்து, "அண்ணாச்சி, ஒரு சிலந்தியே விட்டுடுச்சு, நீங்க மீனை விடக் கூடாதா?" என்று கேட்டேன். அவர் தூத்துக்குடிக்காரர், ரயில்வேயில் இருந்தவர். மீன் இல்லாமல் சோறு இறங்காது அவருக்கு. சபை சிரித்தது, அவரும் சிரித்தார். ஆனால் அதற்குப் பிறகு நாலைந்து மாதம் அவர் என் கடைப் பக்கம் வரவில்லை.

நான் பெரிய படிப்புப் படித்தவன் அல்ல. வந்தவாசிப் பக்கத்துக் கிராமத்தில் பத்தாவது முடித்து, நாக்பூர் வந்து, இத்வாரியில் பருப்பு வியாபாரத்தில் இறங்கியவன். கல்லாவில் உட்கார்ந்தபடியே கிடைத்ததைப் படிப்பேன், பத்திரிகையில் பிடித்ததைக் கத்தரித்து நோட்டில் ஒட்டுவேன். அப்படி ஒட்டியதுதான் 2009 கடைசியில் வந்த அந்தச் சிலந்திச் செய்தியும். சமணக் குடும்பத்தில் பிறந்தவனுக்கு இப்படி ஒரு செய்தி கிடைத்தால் கேட்கவா வேண்டும்? பல வருடம் போகிற இடமெல்லாம் சொல்லிக்கொண்டிருந்தேன்.

கொஞ்ச நாள் முன்பு, கல்லூரியில் விலங்கியல் படிக்கும் என் பேத்தி கேட்டாள்: "தாத்தா, நீங்க எல்லார்கிட்டயும் சொல்றீங்களே அந்தச் சிலந்தி, அது எறும்புக் குஞ்சையும் தின்னும். தெரியுமா?"

எனக்குத் தெரியாது. அவள் உதவியோடு உட்கார்ந்து ஒழுங்காகப் படித்தேன். படித்ததை முழுசாக இங்கே வைக்கிறேன்.

வலை கட்டாத சிலந்திகள்

சிலந்தி என்றால் மூலையில் வலை கட்டித் தலைகீழாகத் தொங்குவதுதான் நம் நினைவுக்கு வரும். எல்லாச் சிலந்திகளும் அப்படி அல்ல. அறிவியல் இதுவரை பதிவு செய்திருக்கும் சிலந்தி இனங்கள் 50,000க்கு மேல். அவற்றில் மிகப் பெரிய குடும்பம் தாவும் சிலந்திகள். இவை மட்டுமே 6,000 இனங்களைத் தாண்டும். இவை இரை பிடிக்க வலை கட்டுவதில்லை. பார்த்து, பதுங்கி, பாய்ந்து பிடிக்கும். உங்கள் சமையலறைச் சுவரில் விட்டு விட்டு நகர்ந்து, நீங்கள் கிட்டப் போனால் திரும்பி உங்களையே பார்க்கும் குட்டையான சிலந்தி இந்தக் குடும்பம்தான். என் கிடங்கில் மூட்டைகளின் மேல் தினமும் பார்க்கிறேன்.

இவற்றுக்கு எட்டுக் கண்கள். முன்னால் இருக்கும் இரண்டு பெரிய கண்களும் மிகக் கூர்மையானவை. மற்ற ஆறும் பக்கத்திலும் பின்னாலும் அசைவதைக் கவனிக்கும். பெரிய கண்ணின் முன்பக்க வில்லை அசையாது. அதற்குப் பின்னால் உள்ள விழித்திரைதான் உள்ளுக்குள் அங்குமிங்கும் திரும்பும். தாவுவதிலும் ஒரு விசேஷம் உண்டு. காலை வேகமாக நீட்டுவதற்கு உடம்பிலுள்ள திரவத்தின் அழுத்தத்தைப் பயன்படுத்துகிறது. நம் ஊர் ஜேசிபி வண்டியின் கை எண்ணெய் அழுத்தத்தில் நீளுகிறதல்லவா, ஏறக்குறைய அந்த மாதிரி. தாவும் முன் ஒரு நூலை நின்ற இடத்தில் ஒட்டிவிட்டுத்தான் தாவும். குறி தவறினாலும் நூலில் தொங்கி மேலே ஏறிவிடலாம்.

எங்கள் சமயத்திலும் தொல்காப்பியத்திலும் உயிர்களை அறிவு எண்ணிப் பிரிக்கும் முறை இருப்பது உங்களுக்குத் தெரியும். மரம் ஓரறிவு, எறும்பு மூவறிவு. அந்தக் கணக்கில் கண் படைத்த சிலந்திக்கு நாலறிவு. இந்த மூன்றும் சேர்ந்து வருவதுதான் நம் கதை.

பெயரில் இருக்கும் நம் ஊர்க் காடு

அந்தச் சிலந்தியின் பெயர் பாகீரா கிப்லிங்கி. பெயரைக் கேட்டதும் குழந்தைகள் கண்டுபிடித்துவிடுவார்கள். ருட்யார்ட் கிப்லிங் 1894ல் வெளியிட்ட ஜங்கிள் புக் கதைகளில் வரும் கருஞ்சிறுத்தையின் பெயர் பாகீரா. அந்தக் கதை நடக்கும் சிவனி மலைக்காடு நம் நாக்பூரிலிருந்து ஜபல்பூர் போகும் பாதையில் இருக்கிறது. பேஞ்ச் புலிக் காப்பகத்துக்குச் சங்கத்தின் சார்பில் சுற்றுலா போனபோது நாம் எல்லோரும் பார்த்த காடு அது.

சிலந்திக்கும் சிவனிக்கும் வேறு சம்பந்தம் எதுவும் இல்லை. அது வாழ்வது மெக்சிகோ, குவாத்தமாலா, கோஸ்டாரிகா நாடுகளில். அமெரிக்காவில் மில்வாக்கி நகரத்தைச் சேர்ந்த ஜார்ஜ் பெக்காம், எலிசபெத் பெக்காம் என்ற கணவன் மனைவி இருவரும் தாவும் சிலந்திகளை ஆராய்ந்து பெயர் வைத்தவர்கள். ஜங்கிள் புக் அப்போது புதிதாக வந்த புத்தகம். 1896ல் அவர்கள் ஒரு சிலந்திக்குப் பாகீரா என்று வைத்தார்கள். வேறு சிலந்திப் பேரினங்களுக்கு அகேலா, மெசுவா, நாகைனா என்றும் அதே கதைகளிலிருந்து எடுத்து வைத்தார்கள். சிறுத்தை மாதிரிப் பாய்கிற பிராணிக்குப் பொருத்தமான பெயர்தான்.

அவர்கள் கையில் இருந்தது ஆண் சிலந்தி மட்டும்தான். பெண் சிலந்தி எப்படி இருக்கும் என்று வெய்ன் மாடிசன் என்ற அறிஞர் எழுதியது 1996ல். அதாவது பெயர் வைத்து நூறு வருடம் கழித்துத்தான் ஜோடியே தெரியவந்தது. என்ன சாப்பிடுகிறது என்பது வெளியாக இன்னும் பதின்மூன்று வருடம் ஆயிற்று.

மரமும் எறும்பும் செய்துகொண்ட ஏற்பாடு

சிலந்தியைப் புரிந்துகொள்ள அது குடியிருக்கும் மரத்தைப் புரிந்துகொள்ள வேண்டும். அது ஒரு வகை வேலமரம். நம் ஊர்க் கருவேலத்துக்கு நெருங்கிய உறவு. இரண்டும் இன்று வச்செலியா என்ற ஒரே பேரினத்தில் வைக்கப்பட்டிருக்கின்றன. இதன் முட்கள் மாட்டுக் கொம்பு போல இரண்டிரண்டாக, தடித்துப் பருத்திருக்கும். இந்த முட்களில் ஒரு வகை எறும்புகள் ஓட்டை போட்டு, உள்ளே இருப்பதைக் குடைந்தெடுத்துவிட்டுக் குடியிருக்கின்றன.

மரம் எறும்புகளுக்கு வீடு மட்டும் கொடுக்கவில்லை, சாப்பாடும் போடுகிறது. இலைக்காம்பில் உள்ள சுரப்பிகளில் இனிப்பு நீர் ஊறுகிறது. சிற்றிலைகளின் நுனியில் மஞ்சளாகச் சின்னச் சின்ன உருண்டைகள் முளைக்கின்றன. இவற்றில் புரதமும் கொழுப்பும் உண்டு. எறும்புகள் இவற்றைப் பறித்துக்கொண்டு போய்த் தங்கள் குஞ்சுகளுக்கு ஊட்டுகின்றன. தாமஸ் பெல்ட் என்ற சுரங்கப் பொறியாளர் நிகரகுவா நாட்டில் தங்கச் சுரங்கம் ஒன்றைக் கவனித்துக்கொண்டு, ஓய்வு நேரத்தில் செடி கொடி பூச்சிகளைப் பார்த்து எழுதிவைத்தார். 1874ல் வந்த அவருடைய நூலில் இந்த ஏற்பாட்டை விவரித்திருந்ததால் இந்த உருண்டைகளுக்குப் பெல்ட் உருண்டைகள் என்றே பெயர். வேறு தொழில் செய்துகொண்டே படித்தவர் என்பதில் எனக்கு அவர் மேல் தனிப் பிரியம்.

வீட்டுக்கும் சாப்பாட்டுக்கும் பதிலாக எறும்புகள் காவல் காக்கின்றன. இலையைத் தின்ன வரும் பூச்சியைக் கடித்தும் கொட்டியும் விரட்டும். ஆடு மாடு வாய் வைத்தாலும் அதே கதிதான். பக்கத்தில் முளைத்து மேலே ஏறப் பார்க்கும் கொடிகளைக்கூடக் கடித்து அறுத்துவிடும். இந்தக் காவலால் உண்மையில் பயன் உண்டா என்று 1960களில் டேனியல் ஜான்சன் என்ற அறிஞர் மெக்சிகோவில் சோதித்துப் பார்த்தார். சில மரங்களிலிருந்து எறும்புகளை நீக்கினார். அந்த மரங்கள் பூச்சிகளால் அரிக்கப்பட்டு நலிந்துபோயின.

வியாபாரிகள் பாஷையில் சொன்னால், இது கூலிக்குக் காவல். இரண்டு பக்கமும் கொடுக்கல் வாங்கல் நேராக இருக்கிறது.

நடுவில் புகுந்தவர்

இந்த ஏற்பாட்டுக்கு நடுவில் புகுந்திருப்பவர்தான் பாகீரா கிப்லிங்கி. அரிசிமணி அளவு உடம்பு. கோஸ்டாரிகாவில் எரிக் ஓல்சன் என்ற ஆய்வாளர் 2001ல் இந்தச் சிலந்தி இலை நுனி உருண்டைகளைத் தின்பதைக் கவனித்தார். அதைப் பற்றித் தெரியாமலே, மெக்சிகோவில் கிறிஸ்டோபர் மீஹன் என்ற மாணவர் 2007ல் அதையே பார்த்தார். பிறகு இருவரும் மற்றவர்களோடு சேர்ந்து 2009 அக்டோபரில் ஓர் அறிவியல் இதழில் வெளியிட்டார்கள். என் நோட்டில் ஒட்டியிருந்தது அதைப் பற்றிய பத்திரிகைச் செய்திதான்.

சிலந்தி சாப்பிடும் விதம் இப்படி. எறும்புகளின் நடமாட்டம் குறைவாக இருக்கும் முதிர்ந்த இலைகளின் ஓரத்தில் அது கூடு கட்டிக்கொள்கிறது. அங்கிருந்து புறப்பட்டு இளம் இலைகளின் பக்கம் வருகிறது. எதிரில் எறும்பு வந்தால் நின்று கவனித்து, வழியை மாற்றி வேறு பக்கம் போகிறது. நெருங்கிவிட்டால் தாவித் தப்பிக்கும், அல்லது நூலைப் பிடித்துக்கொண்டு கீழே தொங்கும். சந்தர்ப்பம் பார்த்து ஓர் உருண்டையைப் பறித்துக்கொண்டு, ஒதுக்குப்புறமாகப் போய்த் தின்கிறது. மற்றத் தாவும் சிலந்திகள் ஈயைப் பிடிக்க எந்தக் கண்ணையும் எந்தப் பாய்ச்சலையும் பயன்படுத்துகின்றனவோ, அதே கண்ணையும் பாய்ச்சலையும் இது எறும்பிடம் மாட்டாமல் உருண்டை பறிக்கப் பயன்படுத்துகிறது.

உண்மையிலேயே அதை உண்டுதான் வாழ்கிறதா, அல்லது எப்போதாவது ருசி பார்க்கிறதா? இதற்கு இரண்டு வழியில் விடை தேடினார்கள். ஒன்று, உட்கார்ந்து எண்ணுவது. சிலந்தி ஒவ்வொரு தடவை சாப்பிடும்போதும் என்ன சாப்பிடுகிறது என்று குறித்தார்கள். இரண்டாவது, உடம்பைச் சோதிப்பது. நைட்ரஜன் அணுக்களில் எடை கூடியது, குறைந்தது என்று இரு வகை உண்டு. செடியைத் தின்னும் பூச்சியின் உடம்பில் கனமான வகையின் பங்கு செடியைவிடச் சற்று ஏறும். அந்தப் பூச்சியைத் தின்னும் பிராணியில் இன்னும் ஏறும். ஆகவே உடம்பின் திசுவை எடுத்து அளந்தால், அது உணவுப் படியில் எந்த இடத்தில் இருக்கிறது என்று தெரிந்துவிடும். நம் கடையில் பில் புத்தகத்தைப் பார்த்தது போதாதென்று கிடங்கில் மூட்டையையும் எண்ணிப் பார்க்கிறோமே, அந்த மாதிரி. இரண்டு கணக்கும் ஒத்துப்போயின. இந்தச் சிலந்தியின் உடம்பு பெரும்பாலும் மரம் போட்ட சோற்றில் வளர்ந்த உடம்புதான்.

இதற்கு முன்பும் சிலந்திகள் பூந்தேன் குடிப்பதைப் பார்த்திருக்கிறார்கள். 2016ல் வந்த ஒரு தொகுப்புக் கட்டுரை, 60க்கு மேற்பட்ட சிலந்தி இனங்கள் ஏதாவது ஒரு தாவர உணவைத் தொடுவதைக் காட்டியது. ஆனால் அவற்றுக்கெல்லாம் அது துணை உணவு. தாவர உணவையே முக்கிய ஆகாரமாகக் கொண்டது என்று முதலில் நிரூபணமானது பாகீரா கிப்லிங்கிதான். இந்த மட்டில் நான் மேடையில் சொன்னது சரி.

நான் விழுங்கிய ஒரு சொல்

இனி நான் சொல்லாமல் விட்டது. மெக்சிகோவில் எண்ணிப் பார்த்தபோது உணவில் நூற்றுக்கு 90க்கு மேல் பெல்ட் உருண்டைகள். கோஸ்டாரிகாவில் அதே இனத்துக்கு 60 அளவுதான். மீதியில் இனிப்பு நீர் உண்டு. வழியில் போகும் வேலைக்கார எறும்பின் வாயிலிருந்து பிடுங்கிய எறும்புக் குஞ்சும் உண்டு. வறட்சிக் காலத்தில் சில சமயம் தன் இனத்தையே தின்பதும் உண்டு. ஆக, அது மாமிசத்தை விட்டுவிடவில்லை. மாமிசம் குறைவாகத் தின்கிறது, அதுவும் ஊருக்கு ஊர் மாறுகிறது.

பேத்தி சொன்ன பிறகு பழைய நோட்டைத் தேடி எடுத்தேன். மஞ்சள் பூத்துப்போன அந்தத் துண்டில், முதல் வரியிலேயே, "பெரும்பாலும்" என்ற சொல் இருந்தது. 2009ல் படித்தபோதும் இருந்திருக்கும். மேடையில் அதை விழுங்கிவிட்டேன். முதல் தரம், இரண்டாம் தரம் என்று மூட்டை மேல் எழுதியிருப்பதை அழித்து விற்கும் வியாபாரியை நான் எத்தனை திட்டியிருக்கிறேன்! நான் செய்ததும் அதேதான்.

இன்னொன்றும் என் கண்ணில் படவில்லை. அந்த உருண்டை யாருக்காக முளைத்தது? காவல் காக்கும் எறும்புக்காக. சிலந்தி காவல் காப்பதில்லை. எறும்பின் கூலியில் கை வைக்கிறது. ஆராய்ச்சியாளர்களும் இதைச் சுரண்டல் என்றுதான் குறிப்பிட்டார்கள். எங்கள் அணுவிரதங்களில் கொல்லாமையும் இருக்கிறது, பொய்யாமையும் கள்ளாமையும் இருக்கின்றன. ஒன்றில் ஏறக்குறைய தேறிய சிலந்தி மற்றொன்றில் அடியோடு தேறவில்லை. அதை மேடையேற்றிய நான் பொய்யாமையில் தேறவில்லை.

இதில் சிலந்தியைக் குற்றம் சொல்ல ஒன்றும் இல்லை. விரதம் என்பது தெரிந்து ஏற்பது. சிலந்தி எதையும் ஏற்கவும் இல்லை, விடவும் இல்லை. வறட்சியிலும் தளிர்விடும் ஒரு மரத்தில் அதற்கு ஆகாரம் கிடைக்கிறது. எறும்புப் படைக்குப் பயந்து மற்றப் பிராணிகள் அங்கே வருவதில்லை. அதற்கோ எறும்பிடமிருந்து தப்பிக்கத் தெரியும். அந்த வசதியில் அது வாழ்கிறது. அதைச் சாட்சிக் கூண்டில் ஏற்றி, அண்ணாச்சிக்கு எதிராகச் சாட்சி சொல்ல வைத்தது என் தப்பு.

மாமிசம் உண்ணாதது எங்கள் பரம்பரை வழக்கம். அதற்குச் சிலந்தியின் சிபாரிசு தேவையில்லை. நாளைக்கு அந்தச் சிலந்தி முழுக்க முழுக்க எறும்பையே தின்கிறது என்று யாராவது நிரூபித்தாலும் நான் சாப்பிடுவது மாறப் போவதில்லை. அப்படியென்றால் அதை ஏன் மேடைக்குக் கொண்டுவந்தேன்? கைதட்டலுக்காக என்பதைத் தவிர வேறு பதில் தோன்றவில்லை.

என் கிடங்கில் மூட்டை மேல் உலவும் தாவும் சிலந்தி அசல் மாமிசபட்சணி. ஈயையும் சின்னப் பூச்சிகளையும் பாய்ந்து பிடித்துத் தின்கிறது. அதை அடிக்கக் கூடாது என்று வேலையாட்களிடம் நாற்பது வருடமாகச் சொல்லிவருகிறேன். ஈயைத் தின்னும் அந்தச் சிலந்தியிடம் "நீ முதலில் மரக்கறிக்கு மாறு, பிறகு உன்னை விடுகிறேன்" என்று நான் ஒரு நாளும் நிபந்தனை போட்டதில்லை. ஒரு சிலந்திக்குக் காட்டிய இந்த மரியாதையை, முப்பது வருடம் பழகிய நண்பருக்குச் சபை நடுவில் காட்டத் தவறினேன்.

அண்ணாச்சி இப்போது பணி ஓய்வு பெற்றுத் தூத்துக்குடிக்கே போய்விட்டார். அந்த நாலைந்து மாதத்துக்குப் பிறகு அவரே ஒரு நாள் கடைக்கு வந்து, "என்னவே, பருப்பு என்ன விலை?" என்று எதுவும் நடக்காதது போலக் கேட்டார். அவர் பெரிய மனுஷன். நானும் எதுவும் சொல்லவில்லை. அதை மறந்துவிட்டார் என்றே இத்தனை நாள் எண்ணிக்கொண்டிருந்தேன். சங்க மலர் அச்சானதும் வெளியூர் உறுப்பினர்களுக்குத் தபாலில் போகும். அவருடைய பிரதியில் இந்தப் பக்கத்தில் ஒரு நூல் வைத்து அனுப்பும்படி செயலாளரிடம் சொல்லியிருக்கிறேன்.